வாசல் மாமா கடித்த பேரீச்சம்பழம்

"நேத்து சாயங்காலம் நான் ஒரே ஒரு பேரீச்சம்பழத்தைக் கடிச்சேன். டக்கார் நகரம் மொத்தமும் நோன்பு திறந்துடுச்சு."

கிராண்ட் யோஃப் ரவுண்டானாவுக்குப் பின்னால் ஒரு வேப்பமரம் இருக்கிறது. பென்ஷன் வாங்குகிற ஆண்களை அவரவர் மனைவிமார் காலையில் அங்கேதான் விரட்டிவிடுவார்கள். சோடா மூடிகளைக் காய்களாக வைத்துப் பலகையில் ஆடிக்கொண்டிருந்தவர்களுக்கு நடுவே நின்று வாகான் சேன் இந்த அறிவிப்பை வெளியிட்டார். பலகையில் ஒரு மூடி நகர்ந்தது. யாரும் தலை தூக்கவில்லை. நோன்பு மாதத்துக் காலையில் சிரிப்பதற்குக்கூட வாயில் ஈரம் மிச்சம் வைக்க வேண்டியிருக்கிறது.

செர்னோ கான் மட்டும் கையில் மூடியோடு நிமிர்ந்தார். "டக்கார் மட்டுமா? கோரே தீவு விட்டுப்போச்சா?"

"கோரேயும்தான். அங்க மீனுக்கெல்லாம் விக்கல் எடுத்துச்சாம்."

"பாத்தீங்களா," என்று கான் மற்றவர்களிடம் சொன்னார். "செரேர்க்காரன் நோன்பு வெச்சா இதுதான். மத்தியானத்துக்கு முன்னாடியே மூளை கூழாயிடும். என் அடிமைதான், வித்துடலாம்னு பாக்குறேன், எவனும் சும்மா குடுத்தாக்கூட வாங்க மாட்டேங்கிறான்."

"யாருடா அடிமை? ஒரு படி கம்புக்காக உங்க தாத்தா எங்க வீட்டு வாசல்ல மோர்ச் சட்டியோட நின்ன கதைய எடுத்து விடட்டுமா?"

செரேர் இனத்தார் ஒருவரும், மாடு மேய்த்த வம்சத்தில் வந்து புலார் பேசுகிற ஒருவரும் சந்தித்துக்கொண்டால், நலம் விசாரிப்பதற்கு முன்னால் ஒருவரையொருவர் அடிமை என்று அழைத்துவிட வேண்டும். கொள்ளுத்தாத்தா காலத்து உறவுமுறை அது. என்ன திட்டினாலும் கோபப்படக் கூடாது. கோபப்பட்டால் ஊர் சிரிக்கும். இவர்கள் இருவருக்கும் இடையில் யார் எசமான், யார் அடிமை என்ற வழக்கு, இரண்டு தலையிலும் கறுப்பு முடி இருந்த காலத்திலிருந்து நடக்கிறது. கல்யாண வீட்டில் நடந்திருக்கிறது, சாவு வீட்டில் நடந்திருக்கிறது. கானுக்குக் குடலிறக்க அறுவை முடிந்து மயக்கம் தெளிந்தபோது அவர் காதில் விழுந்த முதல் வார்த்தையே, "என் சொத்துக்குச் சேதம் ஒண்ணும் இல்லையே டாக்டர்?" என்று வாகான் கேட்டதுதான். விளையாட்டுக்குக்கூட இருவரில் எவரும் 'ஆமாம், நான்தான் அடிமை' என்று சொன்னதில்லை. சொன்னால் தீர்ந்தது. பேரன் பேத்தி வரைக்கும் தலை நிமிர முடியாது.

ஆனால் அன்றைக்குக் கான் நம்பாமல் போனது வாகானுக்கு விளையாட்டாகப் படவில்லை. அந்தப் பேரீச்சம்பழத்தை ஊர் நம்பியாக வேண்டும். நம்பாவிட்டால் வருகிற திங்கட்கிழமையோடு 'உள்ளே வரலாமா' செத்துப்போகும்.

'உள்ளே வரலாமா' என்பது நோன்பு மாதத்தில், நோன்பு திறப்பதற்குச் சற்று முன்னால், தொலைக்காட்சியில் தினமும் வருகிற பத்து நிமிடக் கேலி நாடகம். எடுப்பவள் அராம் என்கிற பெண். அவளிடம் இருப்பது ஒரு கேமரா, ஒரு சித்தி, அந்தச் சித்தியின் முற்றம். அந்த முற்றத்துக்குள் டக்கார் நகரத்தையே மடித்து வைத்துவிடுவாள். கவுன்சிலர் குழாயைத் திறந்துவைக்கிறார், குழாயிலிருந்து காற்று வருகிறது, கவுன்சிலர் அந்தக் காற்றைக் குவளையில் பிடித்துக் குடித்துவிட்டு, "என்ன குளிர்ச்சி" என்கிறார். கரண்ட் போன வீட்டுக்காரன் நிலா வெளிச்சத்துக்கும் பில் வரும் என்று பயந்து ஜன்னலைச் சாத்துகிறான். பேருந்தின் பின்படியில் ஏறிய பையனும் முன்படியில் ஏறிய பெண்ணும் நெரிசலில் நடுவே வந்து சேர்வதற்குள் அவர்களுக்குக் கல்யாணம் பேசி முடிந்து, குழந்தைக்குப் பெயரும் வைத்தாகிவிடுகிறது.

இதில் வாகான்தான் வாசல் மாமா. நோன்பு திறக்கிற நேரம் பார்த்து எவன் வீட்டு வாசலிலாவது நின்று, "உள்ளே வரலாமா? சும்மா பாத்துட்டுப் போலாம்னு வந்தேன்," என்று கேட்கிற ஆள். அப்படி ஒருவர் இல்லாத தெரு டக்காரில் கிடையாது. அராம் இந்த வேடத்துக்கு ஆள் தேடி அலைந்துகொண்டிருந்த நாளில், அவளுடைய கேமரா ஒயர் தெருவில் குறுக்கே கிடக்கிறது என்று சண்டை போடுவதற்காக வாகான் அந்த முற்றத்துக்குள் நுழைந்தார். சண்டை நடுவிலேயே உட்கார்ந்தார். உட்கார்ந்தவர் சித்தியின் மீன்சோற்றுத் தாம்பாளத்தில் தன் பக்கத்தைக் காலி செய்துவிட்டு அடுத்தவர் பக்கத்தையும் விசாரித்தார். அராம் அங்கேயே ஆளை முடிவு செய்துவிட்டாள்.

வாகான் தன் வாழ்நாள் முழுவதும் நகரப் பேருந்து ஓட்டியவர். டக்கார் அவ்வளவு காலமும் அவர் முதுகைத்தான் பார்த்தது. வாகான் சேன் எப்படி இருப்பார் என்று அப்போது கேட்டிருந்தால், பாதி நகரம், "கழுத்துக்குப் பின்னாடி ஒரு மச்சம் இருக்கும்," என்று சொல்லியிருக்கும். ஓய்வு பெற்ற பிறகு முதுகைப் பார்க்கவும் ஆள் இல்லை. இப்போதுதான், அறுபத்தைந்து தாண்டிய பிறகு, சந்தையில் மீன் விற்கிற பெண்கள் அவர் முகத்தைப் பார்த்து, "வாசல் மாமா, எங்க வீட்டுப் பக்கம் மட்டும் வந்துடாதீங்க," என்று கத்துகிறார்கள். அந்தக் கத்தலைக் கேட்பதற்காகவே அவர் நேர்வழியை விட்டுச் சந்தையைச் சுற்றிப் போவார். தேவையே இல்லாமல் இரண்டு தடவை போவார்.

புதன்கிழமை அராம் அழுத கண்ணோடு வந்தாள். தொலைக்காட்சி நிலையத்தில் நிகழ்ச்சிகளைப் பார்த்துக்கொள்கிற தியாவ் என்பவர், திங்கள் முதல் அந்த நேரத்தில் இந்தியாவிலிருந்து வந்த மாமியார் மருமகள் தொடரைப் போடப்போகிறாராம்.

"அந்த மருமக ஒரு கதவத் தொறக்கவே மூணு நாள் ஆகுமே," என்றார் வாகான். "அதுக்குள்ள மாமியா மூஞ்சிய ஏழு தடவ காட்டுவான். ஒவ்வொரு தடவையும் இடி இடிக்கும்."

"பாவம் அந்தப் பொண்ணு," என்று அடுப்படியிலிருந்து அவர் மனைவி ஞிலானின் குரல் வந்தது. "நகைய யாரோ எடுத்துட்டு அவ மேல பழி போட்டுட்டாங்க."

"உன் புருஷனுக்கு வேலை போவுது, நீ அவ நகைக்கு அழுவுறியா?"

"நீங்க தினமும்தான் சாப்பிடுறீங்க, அதுல டிவில வேற பாக்கணுமா? அவ நகை என்னிக்குக் கிடைக்குமோ."

அராம் மூக்கை உறிஞ்சிக்கொண்டாள். "நம்ம நாடகத்த யாருமே பாக்குறதில்லைங்கிறாரு மாமா. அவர் வீட்டுல யாரும் பாக்குறதில்லையாம், அவர் டிரைவர் பாக்குறதில்லையாம். நான் கெஞ்சினேன். கடைசில, 'சனிக்கிழமை கேமராவோட உங்க தெருவுக்கே வரேன். மதிப்பான ஆள் ஒருத்தர், ஒரே ஒருத்தர், பாக்குறேன்னு கேமரா முன்னாடி சொல்லட்டும், மாசம் முடியிறவரைக்கும் ஓட்டிக்கோ,' அப்படின்னாரு."

"இவ்வளவுதானா? ஒருத்தர் என்ன, தெருவே சொல்லும்."

வியாழக்கிழமை சாயங்காலம்தான் அந்தப் பழம் கடிபட்டது. கடித்தது என்னவோ முந்தின வாரம், சித்தியின் முற்றத்தில், பெஞ்சுகளை அடுக்கிச் செய்த பேருந்தில். ஒளிபரப்பானது வியாழனன்று. கதை இதுதான்: எல்லா வீடுகளும் கதவைச் சாத்திவிட்டதால் வாசல் மாமா ஒரு பேருந்தில் ஏறுகிறார். பொழுது சாய்கிறது, பேருந்து கொலோபான் நெரிசலில் நகரவில்லை, ஒவ்வொருவர் மடியிலும் ஒரு பொட்டலம். மாமா ஒவ்வொரு பொட்டலமாக மோந்துகொண்டே போகிறார். பேருந்து ரேடியோவில் நோன்பு திறக்கும் மேளம் ஒலிக்கிறது. அடுத்த நொடி பக்கத்துப் பெண்ணின் பையிலிருந்து ஒரு பழம் மாமா வாய்க்குள் இருக்கிறது.

அந்த மேளத்தை அடிக்கத் தனியாக ஆள் வைக்க அராமுக்கு வசதியில்லை. தினமும் நோன்பு திறக்கும் நேரத்துக்கு நிலையத்தில் போடுகிற மேளத்தையே பதிவு செய்து சேர்த்துவிட்டாள். நாடகம் எப்போதும் போல முன்னதாக முடிந்திருந்தால் ஒன்றும் ஆகியிருக்காது. அன்றைக்கென்று சூப்புக் கட்டி விளம்பரம் ஒன்றன்பின் ஒன்றாக வந்துகொண்டே இருந்தது. ஒரு பெண் சட்டியைத் திறந்து மோந்து பார்த்து மயங்கி விழுந்தாள். அவள் எழுந்ததும் அவள் அம்மா மோந்து பார்த்து மயங்கி விழுந்தாள். இப்படிக் குடும்பமே விழுந்து எழுந்ததில் நாடகம் பின்தங்கி, சூரியன் விழப்போகிற விளிம்பில் வந்து நின்றது.

வாகான் தன் வீட்டுப் பாயில், முன்னால் தட்டும் குவளையில் கின்கெலிபா மூலிகைத் தேநீருமாகத் தன்னையே பார்த்துக்கொண்டிருந்தார். மேளம் கேட்டது. திரையில் வாகான் கடித்தார். பாயில் இருந்த வாகானும் கடித்தார். ஞிலான், "பிஸ்மில்லா," என்று சொல்லி ரொட்டியைப் பிட்டாள். சுவருக்கு அந்தப் பக்கம் ஸ்பூன்கள் மணியடித்தன, இந்தப் பக்கம் குவளைகள் இடித்தன, தெருக் கோடி வரைக்கும் ரொட்டி நொறுங்கும் சத்தம் ஓடியது. மேல்மாடிக்காரன் உறிஞ்சிய உறிஞ்சலில் மொட்டைமாடிக் கொடியில் துணி ஆடியது என்று வாகான் பிற்பாடு சத்தியம் செய்தார்.

அப்புறம்தான் பள்ளிவாசலிலிருந்து உண்மையான பாங்கு வந்தது.

தெரு முழுவதும் ஒரே நொடியில் மெல்லுவதை நிறுத்தினால் விழுகிற அமைதியை அதுவரை உலகத்தில் யாரும் கேட்டதில்லை. வாகான் கேட்டார். ஈ பறந்தது, அது எந்தத் திசையில் பறக்கிறது என்றுகூடத் தெரிந்தது. ஞிலான் வாயில் ரொட்டியோடு அவரைப் பார்த்த பார்வையில் கல்யாணமான நாளிலிருந்து சேர்த்து வைத்ததெல்லாம் இருந்தது.

"உங்களைப் பாத்து நீங்களே ஏமாந்துட்டீங்களா?" என்றாள், விழுங்கிவிட்டு.

"நான் ஒருத்தன்தானா? காதத் தீட்டிக் கேளு. தெருவே மூச்சு விடல."

ஒரு நாள் நோன்பைத் திரும்ப நோற்க வேண்டுமே என்ற வருத்தம் அவருக்கு இருந்தது. ஆனால் அதற்கு மேலே ஒரு சந்தோஷம் பொங்கிக்கொண்டு வந்தது. பார்த்திருக்கிறார்கள். அத்தனை பேரும் பார்த்திருக்கிறார்கள். பார்க்காதவன் எப்படி ஏமாந்திருப்பான்?

இதைத்தான் வெள்ளிக்கிழமை காலையில் வேப்பமரத்தடியில் அறிவித்தார். இதைத்தான் கான் கூழ் என்று சொல்லிவிட்டார்.

"உன் வீட்டு ஸ்பூன் சத்தம் எனக்குக் கேட்டுச்சுடா," என்றார் வாகான்.

"பூனை."

"பூனை ஸ்பூன்ல சாப்பிடுமா?"

"எங்க வீட்டுப் பூனை மரியாதைப்பட்ட பூனை. செரேர் வீட்டுப் பூனைதான் தாம்பாளத்துல எறங்கும்." கான் தன் கைக்கடிகாரத்தைப் பார்த்தார், பேச்சு முடிந்தது என்பதற்கு அடையாளமாக.

அந்தக் கடிகாரத்தைப் பற்றிச் சொல்ல வேண்டும். கான் துறைமுகத்தில் வேலை நேரச் சங்கை ஊதிக்கொண்டிருந்தவர். அவர் ஊதினால்தான் கப்பல்களுக்கே மணி தெரியும். இப்போது பள்ளிவாசல் கமிட்டித் தலைவர். கிராண்ட் யோஃபில் அந்தத் தெருவே அவர் மணிக்கட்டைப் பார்த்துத்தான் கடிகாரத்துக்குச் சாவி கொடுக்கும். 'கான் சொன்னாரா?' என்று கேட்டுவிட்டுத்தான் சூரியனே இறங்கும் என்பார்கள். அவர் 'நடக்கவில்லை' என்று சொல்லிவிட்டால், நடந்ததுகூட நடக்காததாகிவிடும்.

வாகான் சாட்சி தேடிப் புறப்பட்டார். வீடு வீடாகக் கதவைத் தட்டினார். அவருக்கு வாய்த்த வேடம் அப்படி. கதவைத் திறந்தவர்கள் அவரைக் கண்டதும் பாதி சாத்திக்கொண்டார்கள்.

"மாமா, இன்னும் நேரம் இருக்கு," என்றார் மூலைவீட்டு வாத்தியார். "சாயங்காலமா வாங்க. இல்ல, சாயங்காலம் நாங்க வெளிய போறோம்."

"நான் சாப்பிட வரலய்யா. நேத்து நீங்க சாப்பிட்டீங்களான்னு கேக்க வந்தேன்."

"அது இன்னும் மோசம் மாமா," என்று வாத்தியார் மீதிக் கதவையும் சாத்தினார்.

ரொட்டி விற்கிற பெந்தா மட்டும் அவரை அடுப்புக்குப் பின்னால் இழுத்துக்கொண்டு போய்க் கிசுகிசுத்தாள். "உங்ககிட்ட மட்டும் சொல்றேன். நானும் அவரும் ஏமாந்துட்டோம். அந்த மேளம் கேட்டதும் கை தானா போயிடுச்சு. ஊர்ல நாங்க ரெண்டு பேர்தான் இப்படின்னு நேத்து ராத்திரி பூரா தூக்கமே வரல."

"ரெண்டு பேரா? தெருவே தாயீ, தெருவே. நாளைக்குக் கேமரா வரும், இத அப்படியே சொல்லிடு."

பெந்தாவின் முகம் கல்லாகிவிட்டது. "எத?"

இரண்டு கதவு தள்ளி ஒரு தையற்காரர் இதையே சொன்னார், இதே மாதிரி கிசுகிசுத்தார், இதே மாதிரி மறந்தும்போனார். ஒவ்வொரு வீடும் தான் மட்டும்தான் ஏமாந்தோம் என்று நினைத்துக்கொண்டிருந்தது. கேலிக்காரன் ஒருவனுடைய தாடையை நம்பி நோன்பைத் திறந்தோம் என்று கேமரா முன்னால் யார் சொல்வார்கள்? கிராமத்தில் இருக்கிற மாமியாரும் அல்லவா பார்ப்பாள்.

அன்று சாயங்காலம் அராம் பயந்தே போயிருந்தாள். "மாமா, மேளத்த நான் எடுத்து வெச்சது வெளிய தெரிஞ்சா என்னைத் தொலைச்சிடுவாங்க."

"தெரியலன்னாலும் திங்கக்கிழமை தொலைச்சிடுவாங்கம்மா. யாருமே பாக்கலன்னு தொலையிறத விட, ஊரே பாத்துச்சுன்னு தொலையிறது மேல். விளம்பரத்த இழுத்தது அவங்க, மேளம் அவங்களோடது. கடி மட்டும்தான் நம்மளது."

அவள் சிரித்தாள், பிறகு சிரிப்பு நின்றது. "சித்திகிட்ட, இந்த மாசம் முடிஞ்சதும் முற்றத்தக் காலி பண்ணிடுறேன்னு சொல்லிட்டேன். பெஞ்செல்லாம் திருப்பிக் குடுக்கணும்." வாகான் தன் கன்னத்தைத் தடவிக்கொண்டார். திங்கட்கிழமையிலிருந்து இந்த முகத்தை வைத்துக்கொண்டு என்ன செய்வது என்று அவருக்குத் தெரியவில்லை.

சனிக்கிழமை பிற்பகல் அசர் தொழுகைக்குப் பிறகு தியாவ் வந்தார். கஞ்சி போட்டு இஸ்திரி செய்த பூபூ அங்கி அவர் நடக்கும்போது தகரம் மாதிரிச் சத்தம் போட்டது. கேமராக்காரன் வேப்பமரத்தடியில் நின்றதும், அதுவரை காலியாக இருந்த இடத்தில் தெரு முழுவதும் தற்செயலாக வந்து சேர்ந்தது. பெண்களில் பாதிப் பேர் பெருநாளுக்கு வைத்திருந்த உடுப்பைத் தற்செயலாக உடுத்தியிருந்தார்கள்.

"நோன்பு திறக்குறதுக்கு முன்னாடி டிவில என்ன பாப்பீங்க?" என்று தியாவ் கேட்டார்.

"மார்க்கச் சொற்பொழிவு," என்றார் வாத்தியார்.

"மார்க்கச் சொற்பொழிவு," என்றாள் பெந்தா, கண்ணைத் தரையில் வைத்துக்கொண்டு.

"எங்க வீட்டுல டிவியே கிடையாது," என்றார் தையற்காரர். அவருடைய சட்டைப்பையிலிருந்து ரிமோட் எட்டிப் பார்த்துக்கொண்டிருந்தது.

இன்னும் பத்துப் பேர் வந்தார்கள், பத்துச் சொற்பொழிவு வந்தது. ஒருவர் சொற்பொழிவோடு செய்தியும் பார்ப்பதாகச் சொல்லிவிட்டு, உலக விவகாரத்தில் தனக்குள்ள கவலையைக் காட்டிக்கொண்டார். அந்தத் தெருவைப்போலப் பக்தி முற்றிய தெரு மக்காவில்கூட இருக்காது. அராம் மரத்தில் சாய்ந்து நின்றுகொண்டிருந்தாள். ஒவ்வொரு பதிலுக்கும் அவள் உயரத்தில் கொஞ்சம் குறைந்த மாதிரி வாகானுக்குத் தோன்றியது.

"பாத்தீங்களாம்மா," என்றார் தியாவ் அவளிடம். குரலில் கெட்ட எண்ணம் ஒன்றுமில்லை. "நான் பொய் சொல்லல."

"கமிட்டித் தலைவரக் கேளுங்க," என்றார் வாகான்.

கூட்டம் திரும்பியது. கான் பலகைக்கு முன்னால், எல்லாவற்றுக்கும் அப்பாற்பட்டவர்போல உட்கார்ந்திருந்தார். கேமரா அவர் முன்னால் போய் நின்றது.

"பெரியவரே, நீங்க 'உள்ளே வரலாமா' பாக்குறதுண்டா?"

"எத?" என்றார் கான்.

"டேய் புலாரு," என்று வாகான் முன்னால் வந்தார். "மோர் குடிச்சு மோர் குடிச்சு உனக்கு ஞாபகமும் புளிச்சிடுச்சா? வியாழக்கிழமை மேளம் கேட்டப்ப உன் வீட்டுல ஒம்பது ஸ்பூன் ஒண்ணா விழுந்துச்சு."

"ஐயா, இந்த ஆளக் கண்டுக்காதீங்க," என்று கான் தியாவிடம் சொன்னார். "என் அடிமை. வெயில்ல விட்டுட்டேன், தப்பு என்மேலதான்."

கூட்டம் சிரித்தது. தியாவும் சிரித்தார். சிரித்துக்கொண்டே கேமராக்காரனிடம் கையைக் காட்டினார், போதும், கட்டு என்பதுபோல. அராம் குனிந்து தரையில் கிடந்த ஒயரைச் சுருட்ட ஆரம்பித்தாள். அது அவளுடைய ஒயர்கூட இல்லை.

வாகான் அதைப் பார்த்தார். பதில் திட்டு நாக்கு நுனியில் தயாராக இருந்தது. நல்ல திட்டு, கானின் மூன்று தலைமுறையையும் ஒட்டகத்தையும் சேர்த்த திட்டு. அதை விழுங்கினார். தலையிலிருந்த குல்லாவைக் கழற்றினார். முட்டி இரண்டும் முனக, மணலில், கானின் செருப்புக்கு முன்னால் உட்கார்ந்தார்.

"என்னடா பண்றே?" என்றார் கான்.

"ஆமா," என்றார் வாகான். "நான்தான் அடிமை. சேன் வீட்டுப் பிள்ளை சொல்றேன். எங்க அப்பன் அடிமை, எங்க தாத்தன் அடிமை. கான்தான் எசமான். கேமரா ஓடுதில்ல தம்பி? நல்லா எடுத்துக்கோ." கானை நிமிர்ந்து பார்த்தார். "எசமான்கிட்ட அடிமை ஒண்ணே ஒண்ணு கேக்கலாம்ல? இந்தப் பொண்ணோட நாடகம் நிக்கக் கூடாது. நடந்தத மட்டும் சொல்லு."

சிரிப்புச் சத்தம் எங்கே போனதென்று தெரியவில்லை. யாரோ ஒருவர், "யா அல்லா," என்று முணுமுணுத்தார். கூட்டத்தின் பின்னால் நின்றிருந்த ஞிலான் முக்காட்டை இழுத்து வாயைப் பொத்திக்கொண்டாள். நாற்பது வருட வழக்கு, கோர்ட்டும் இல்லாமல், மணலில் ஒரு கிழவன் உட்கார்ந்ததில் முடிந்துவிட்டது. ஜெயித்தவர் முகத்தில் ஜெயித்த களையே இல்லை. கான் கையிலிருந்த சோடா மூடியைக் கீழே வைத்தார். பலகையைப் பார்த்தார், பள்ளிவாசல் கோபுரத்தைப் பார்த்தார், கடைசியாக மணலில் இருந்தவரைப் பார்த்தார். அவருக்கு இந்த உலகத்தில் எதையும் திட்டிச் சொல்வதற்கு இருந்த ஒரே ஆள் அங்கே குல்லா இல்லாமல் உட்கார்ந்திருந்தார்.

"எந்திரிடா மொதல்ல," என்றார். "முட்டி போயிடும். அப்புறம் உன்னை யாரு தூக்குறது?"

"சொல்லு, எந்திரிக்கிறேன்."

கான் தொண்டையைச் செருமிக்கொண்டு கேமராவைப் பார்த்தார். ஒரு காலத்தில் சங்கு ஊதுவதற்கு முன்னால் கடலைப் பார்ப்பாரே, அதே மாதிரி.

"இந்த ஆள் இப்ப என்னமோ சொன்னான், அடிமை கிடிமைன்னு. அது என் காதுல விழல. வயசாச்சு, காது மந்தம். அதனால வழக்கு அப்படியே இருக்கு, எல்லாரும் கேட்டுக்கோங்க." பிறகு தியாவின் பக்கம் திரும்பினார். "ஆனா மேளம் விழுந்துச்சு தம்பி. வியாழக்கிழமை என் கடிகாரம் இன்னும் நேரம் ஆகலன்னுதான் காட்டுச்சு. நான் கடிகாரத்தப் பாத்தேன், டிவியப் பாத்தேன். டிவில இந்தக் கழுதை கடிச்சான். அவன் கடிக்கிறத தெனமும் பாக்குறேன் தம்பி, முதல் நாள்லேர்ந்து ஒரு நாள் விடாம, கதவச் சாத்திக்கிட்டு, சத்தத்தக் கொறச்சு வெச்சுக்கிட்டு. அவன் கடிச்சா எனக்கும் எச்சி ஊறுது, என்ன பண்றது? கடிகாரந்தான் கெட்டுப்போச்சுன்னு கழட்டி வெச்சுட்டு நானும் கடிச்சேன். என்னைப் பாத்து வீட்டுல எல்லாரும் கடிச்சாங்க. எங்க வீட்டு ஜன்னலப் பாத்துத்தான் இந்தத் தெருவே வாயத் தொறக்கும். அப்புறம் பாங்கு சொன்னாங்க. எல்லாருக்கும் ஒரு நோன்பு திரும்பி இருக்கு, பெருநாள் கழிச்சு எல்லாரும் சேந்தே வெப்போம். அந்தச் சொற்பொழிவுக்காரங்களையும் சேத்துத்தான் சொல்றேன்."

குனிந்து வாகானின் தோளுக்குக் கீழே கை கொடுத்தார்.

"அவன் சொன்னது நடந்துச்சு," என்றார் செர்னோ கான். "கோரே மீன் விஷயம் மட்டும் எனக்குத் தெரியாது."